லீ சோங் வெய்யைக் கோழை என்று எழுதியவருக்கு

மூன்று ஒலிம்பிக் இறுதியாட்டங்கள், மூன்றிலும் தோல்வி. உலக வெற்றியாளர் போட்டியில் திரும்பத் திரும்ப இறுதிவரை வந்தும் ஒரு தங்கம்கூட இல்லை. ஆகவே லீ சோங் வெய்யைப் பெரும் ஆட்டக்காரர்களின் வரிசையில் வைப்பது மலேசியர்களின் வீண் பெருமை. பெரிய நாளில் நெஞ்சுரம் இல்லாத கோழை அவர். சீனர்கள் வராத போட்டிகளில் கிண்ணங்களைச் சேர்த்தவர். ஊக்கமருந்தில் சிக்கிய மோசடிக்காரர். அவருடைய வெள்ளியைக் கொண்டாடிக் கொண்டாடியே இந்த நாடு தங்கத்துக்கான பசியை இழந்தது. அண்மையில் தமிழில் வெளிவந்த ஒரு விளையாட்டுக் கட்டுரையின் சாரம் இவ்வளவுதான்.

படித்துவிட்டுக் கோபம் வந்தது. அந்தக் கோபத்தோடுதான் எழுதுகிறேன், அதை மறைக்கும் எண்ணம் இல்லை. ஓர் ஆட்டக்காரரை விமர்சிக்க எவருக்கும் உரிமை உண்டு. லீயின் ஆட்டத்தில் குறை காண இடமும் உண்டு. கீழே நானே சிலவற்றைச் சொல்கிறேன். ஆனால் பத்தொன்பது ஆண்டுகள் நாட்டுக்காக ஆடிய ஒருவரைக் கோழை என்றும் மோசடிக்காரர் என்றும் எழுதப் புகுந்தவர், அவர் ஆடிய ஆட்டங்களின் புள்ளி விவரத்தையாவது ஒருமுறை எடுத்துப் பார்த்திருக்க வேண்டும். அதைக்கூட இவர் செய்யவில்லை என்பது ஒவ்வொரு பத்தியிலும் தெரிகிறது.

முதலில் கோழை என்ற சொல்லை எடுத்துக்கொள்வோம்.

2006ஆம் ஆண்டு மலேசியப் பொதுப் போட்டியின் இறுதியாட்டம். எதிரில் சீனாவின் லின் டான். ஆளுக்கொரு செட் வென்றாகிவிட்டது. மூன்றாவது செட்டில் லீ 13-20 என்று பின்தங்கி நிற்கிறார். லின் டானுக்கு இன்னும் ஒரே ஒரு புள்ளி போதும். அந்த ஒரு புள்ளியை லீ கொடுக்கவில்லை. ஏழு முறை தொடர்ச்சியாக ஆட்டத்தின் முடிவைத் தள்ளிப்போட்டு, 20-20க்குக் கொண்டுவந்து, கடைசியில் 23-21 என்று செட்டையும் கிண்ணத்தையும் எடுத்தார். அப்போது அவருக்கு வயது 23. பூப்பந்து மட்டையைக் கையில் பிடித்து ஆடிப் பார்த்த எவருக்கும் இது என்ன என்று தெரியும். ஒரு சர்வீஸ் வலையில் பட்டால் முடிந்தது. ஒரு லிஃப்ட் கோட்டுக்கு வெளியே போனால் முடிந்தது. நடுங்கும் கையால் அந்த ஏழு புள்ளிகளை எடுக்க முடியாது.

பத்து ஆண்டு கழித்து ரியோ. அரையிறுதி. மறுபடியும் லின் டான். முதல் செட் 15-21 என்று போய்விட்டது. இரண்டாவது செட்டை 21-11 என்று எடுத்தார் லீ. மூன்றாவது செட்டில் லின் டான் விடாமல் துரத்தி வந்து 20-20 ஆக்கினார். பெய்ஜிங்கிலும் லண்டனிலும் தன்னிடமிருந்து தங்கத்தைப் பறித்த அதே ஆள், அதே ஒலிம்பிக் மேடை, ஆட்டம் சமநிலையில். கட்டுரையாளரின் கணக்குப்படி லீ நொறுங்கியிருக்க வேண்டிய இடம் இதுதான். அவர் 22-20 என்று வென்றார். தம் கட்டுரையில் இவர் என்ன எழுதியிருக்கிறார்? பெரிய மேடையில் லின் டானைச் சந்தித்தபோதெல்லாம் லீ தோற்றார் என்று. ஒலிம்பிக் அரையிறுதியைவிடப் பெரிய மேடை எத்தனை இருக்கிறது? 2011இல் அகில இங்கிலாந்துப் போட்டியின் இறுதியில் லின் டானை 21-17, 21-17 என்று நேர் செட்களில் வென்றது எந்தச் சின்ன மேடை? இது கருத்து வேறுபாடு இல்லை. இது தவறான தகவல். அச்சில் வந்துவிட்ட தவறான தகவல்.

லண்டன் 2012ஐப் பற்றி அவர் எழுதியிருக்கும் வரிகள்தான் என்னை அதிகம் உறுத்தின. 19-18 என்று முன்னணியில் இருந்து மூன்று புள்ளிகளைத் தொடர்ந்து இழந்தார், இதற்குப் பெயர் பயம் என்கிறார். அந்த ஆட்டத்துக்கு முன்னால் நடந்ததை அவர் சொல்லவே இல்லை. அதே ஆண்டு மே மாதம் வூஹானில் தோமஸ் கிண்ணப் போட்டி. டென்மார்க்கின் பீட்டர் கேடுக்கு எதிராக ஆடிக்கொண்டிருந்தபோது லீயின் கணுக்கால் தசைநார் கிழிந்தது. ஒலிம்பிக்குக்கு இரண்டு மாதம்தான் இருந்தது. அவர் லண்டன் போவாரா என்பதே சந்தேகமாக இருந்த வாரங்கள் அவை. போனார். முதல் ஆட்டத்தில் பின்லாந்தின் வில்லே லாங்கிடம் ஒரு செட்டைப் பறிகொடுத்துத் திணறினார். அந்தக் காலோடு சுற்றுக்குச் சுற்று தேறி வந்து, அரையிறுதியில் சென் லோங்கை 21-13, 21-14 என்று சாய்த்தார். நான்கு ஆண்டு கழித்து ஒலிம்பிக் தங்கம் வென்ற அதே சென் லோங். இறுதியில் முதல் செட்டை லின் டானிடமிருந்து 21-15 என்று எடுத்தார். மூன்றாவது செட் 19-21. இரண்டு புள்ளி. அவ்வளவு தூரம் அந்தக் காலை இழுத்துக்கொண்டு வந்தவரைப் பார்த்துப் பயந்தவர் என்று எழுத ஒருவருக்கு எப்படிக் கை வருகிறது?

அந்த ஆட்டம் முடிந்த பிறகு லீ மலேசிய மக்களிடம் மன்னிப்புக் கேட்டார். உலகத்தில் இரண்டாவதாக வந்த மனிதர், கிழிந்து தேறிய கணுக்காலோடு அதைச் செய்துவிட்டு, மன்னிப்புக் கேட்டார். போட்டிக்கு முன்னால் தங்கக் கட்டியே பரிசாக அறிவித்து, ஒரு நாட்டின் மொத்த ஆசையையும் ஒரு தோளில் ஏற்றி வைத்தவர்கள் நாம். மன்னிப்புக் கேட்க வேண்டியவர் அவர் இல்லை.

லீ உறைந்துபோன நாள் ஒன்று உண்டு. மறைக்க வேண்டியதில்லை. 2008 ஆகஸ்ட் 17, பெய்ஜிங். 12-21, 8-21. அது ஆட்டமே இல்லை. சொந்த மண்ணில் ஆடிய லின் டானின் வேகத்துக்கு முன்னால் லீ தன் கால்களையே இழந்தவர்போல நின்றார். அன்றைய ஆட்டத்தை எவரும் நியாயப்படுத்த முடியாது, நானும் மாட்டேன். ஆனால் அதற்குப் பிறகு என்ன நடந்தது என்பதையும் சேர்த்துத்தான் ஒரு மனிதரை எடைபோட வேண்டும். நான்கு நாள் கழித்து, ஆகஸ்ட் 21ஆம் தேதி, அவர் உலகத் தரவரிசையில் முதலிடத்துக்கு வந்தார். 2012 ஜூன்வரை, 199 வாரம், ஒரு வாரம்கூட விடாமல் அங்கேயே இருந்தார். மொத்தக் கணக்கில் 349 வாரம். அவமானப்பட்ட நாளுக்குப் பிந்திய நான்கு ஆண்டுகளை ஒருவர் இப்படிக் கழித்திருக்கிறார் என்றால் அவர் நெஞ்சில் இருந்தது என்ன என்று கட்டுரையாளரே யோசிக்கட்டும்.

நெஞ்சுரத்தைப் பற்றி இவ்வளவு பேசுபவர் 2004 ஏதென்ஸையும் நினைவில் வைத்திருக்க வேண்டும். முதல்நிலை ஆட்டக்காரராக அங்கே போன லின் டான், முதல் ஆட்டத்திலேயே சிங்கப்பூரின் ரொனால்ட் சுசிலோவிடம் தோற்று வெளியேறினார். லின் டானை அதற்காக எவரும் கோழை என்று எழுதவில்லை. எழுதவும் கூடாது. இறுதிக்கு வராமலே தோற்பவருக்கு மன்னிப்பு, இறுதிவரை வந்து தோற்பவருக்குக் கோழைப் பட்டம் என்றால், அந்த அளவுகோலைத் தூக்கி எறிய வேண்டும்.

அடுத்தது, சீனர்கள் வராத போட்டிகள் என்ற குற்றச்சாட்டு. இதைப் படித்தபோது எழுதியவர் இந்த விளையாட்டின் நடைமுறையைக் கொஞ்சமாவது அறிந்தவரா என்ற ஐயமே எழுந்தது. 2007இல் சூப்பர் சீரீஸ் தொடங்கியது. 2011 முதல் அதில் பிரிமியர் என்ற மேல்தட்டு உருவானது. உலகத்தின் முதல் பத்து ஆட்டக்காரர்கள் அந்தப் போட்டிகளில் கட்டாயம் ஆட வேண்டும் என்பது விதியாக இருந்தது. அகில இங்கிலாந்துப் போட்டி அதில் ஒன்று. 2010, 2011, 2014, 2017 என்று நான்கு முறை அதை வென்றவர் லீ. 2011இல் தோற்றவர் லின் டான். 2014இல் 21-13, 21-18 என்று தோற்றவர் சென் லோங். 2017இல் 21-12, 21-10 என்று தோற்றவர் ஷி யூசி. மூவரும் எந்த நாட்டுக்காரர்கள்? இறுதியாட்டத்தில் வலைக்கு அந்தப் பக்கம் நின்றவர்கள் சீனர்கள். அவர்கள் வரவில்லை என்று எழுதுவதற்கு எவ்வளவு அலட்சியம் வேண்டும்!

அந்த 2017 வெற்றியைச் சற்று நின்று பார்க்க வேண்டும். அதற்குச் சில வாரம் முன்புதான் புக்கிட் கியாராவில் உள்ள பயிற்சிக் கூடத்தின் தரையில் வழுக்கி விழுந்து முழங்கால் தசைநாரைக் காயப்படுத்திக்கொண்டிருந்தார். வயது 34. எதிரில் ஆடிய ஷி யூசிக்கு 21. இரண்டு செட்டிலும் சேர்த்து அந்த இளைஞர் எடுத்தது 22 புள்ளி. மறு ஆண்டு கோலாலம்பூரில், மலேசியப் பொதுப் போட்டி இறுதியில் ஜப்பானின் கெந்தோ மொமொத்தாவை 21-17, 23-21 என்று வென்றார். அது அவருக்குப் பன்னிரண்டாவது மலேசியப் பொதுப் பட்டம். மொமொத்தா அடுத்த மாதமே நாஞ்சிங்கில் உலக வெற்றியாளர் ஆனவர். 35 வயதில், உலக வெற்றியாளராகப் போகிறவரை ஒருவர் வென்ற ஆட்டம் அது. லீயின் கடைசிக் கிண்ணமும் அதுதான். சில வாரங்களில் அவருக்கு மூக்குப் புற்றுநோய் இருப்பது தெரியவந்தது. தைவானில் சிகிச்சை எடுத்தார். தோக்கியோ ஒலிம்பிக்குக்குத் திரும்பிவர முயன்றார். உடல் இடம்கொடுக்காமல் 2019 ஜூன் 13ஆம் தேதி புத்ராஜெயாவில் ஓய்வை அறிவித்தார். கட்டுரையாளர் இந்தக் காலத்தைக் குறித்து எழுதியது ஒரே வரி: வயதாகிவிட்டதால் விலகினார். நோயைப் பற்றி ஒரு சொல் இல்லை. தெரியாமல் விட்டிருந்தால் அது அறியாமை. தெரிந்தே விட்டிருந்தால் அதற்கு என்ன பெயர் என்று நான் எழுத வேண்டியதில்லை.

தங்கம் இல்லாதவர் பெரும் ஆட்டக்காரர் இல்லை என்ற வாதத்துக்கு வருகிறேன். அவருடைய கட்டுரை முழுக்க நிற்பது இந்த ஒற்றைக் காலில்தான். பூப்பந்து ஒலிம்பிக்கில் முழு விளையாட்டாக நுழைந்ததே 1992 பார்சலோனாவில். நான்கு ஆண்டுக்கு ஒரு முறை, ஒரு வாரம், ஒற்றையர் பிரிவில் ஒரே ஒரு தங்கம். 2000 சிட்னியில் அதை வென்றவர் சீனாவின் ஜி சின்பெங். அன்று அவர் அருமையாக ஆடினார், தங்கத்துக்கு முழுத் தகுதி உடையவர். ஆனால் உலக வெற்றியாளர் பட்டமோ அகில இங்கிலாந்துப் பட்டமோ அவர் வென்றதில்லை. அவரிடம் தோற்று வெள்ளி பெற்றவர் இந்தோனேசியாவின் ஹெண்ட்ராவான்; மறு ஆண்டே உலக வெற்றியாளர் ஆனார், பிற்காலத்தில் லீயின் பயிற்சியாளராகவும் இருந்தார். கட்டுரையாளரின் தராசில் ஒலிம்பிக் தங்கம் ஒன்றே எடைக்கல் என்றால், ஜி சின்பெங் லீ சோங் வெய்யைவிடப் பெரியவர். அவர் பீட்டர் கேடைவிடவும் பெரியவர். 1999இல் அகில இங்கிலாந்துப் பட்டம் வென்ற கேட், ஒரு ஒலிம்பிக் பதக்கமும் இல்லாமல்தான் ஓய்வு பெற்றார், உலக வெற்றியாளர் தங்கமும் அவரிடம் இல்லை. நான்கு முறை அகில இங்கிலாந்துப் பட்டம் வென்ற மோர்டன் ஃப்ரோஸ்ட் 1985இலும் 1987இலும் உலகப் போட்டியில் வெள்ளியோடு திரும்பியவர். லியெம் சுவீ கிங் மூன்று முறை அகில இங்கிலாந்தை வென்றவர், 1980லும் 1983லும் உலகப் போட்டி இறுதியில் தோற்றவர். ஜகார்த்தாவுக்குப் போய் லியெம் சுவீ கிங் ஒரு தோல்வியாளர் என்று இவர் சொல்லிப் பார்க்கட்டும். இரண்டு முறை உலக வெற்றியாளரான மொமொத்தாவுக்கு ஒலிம்பிக் பதக்கம் ஒன்றுகூட இல்லை. சொந்த நாட்டில் நடந்த ஒலிம்பிக்கில் அவர் குழு ஆட்டத்தைத் தாண்டவில்லை. இந்த வரிசை முழுவதையும் குப்பையில் போட்டால்தான் கட்டுரையாளரின் வாதம் நிற்கும். அதற்கு அவர் தயாரா?

லின் டானுடன் நாற்பது ஆட்டம், 28 தோல்வி, 12 வெற்றி என்ற கணக்கைப் பெரிய எழுத்தில் போட்டிருக்கிறார். கணக்கு சரி. லின் டான் லீயைவிடச் சிறந்தவர் என்பதை நான் மறுக்கவில்லை, லீயும் மறுத்ததில்லை. இதுவரை ஆடியவர்களில் மிகச் சிறந்தவர் லின் டான் என்று சொல்பவரோடு எனக்குச் சண்டை கிடையாது. ஆனால் அந்த நாற்பதில் பெரும்பகுதி இறுதியாட்டம் அல்லது அரையிறுதி என்பதை அவர் மறைத்துவிட்டார். மற்றவர்கள் எல்லாரும் வெளியேறிய பிறகு இந்த இருவர் மட்டும் நின்ற நாள்கள் அவை. முதல் சுற்றிலேயே தோற்றுப் போகிறவருக்கு லின் டானிடம் 28 முறை தோற்கும் வாய்ப்பே கிடைக்காது.

அந்தத் தோல்விகளுக்கு ஆட்டத்துக்குள்ளேயே காரணங்கள் இருந்தன. அவற்றைப் பேசுவதுதான் விமர்சனம். லீயின் உயரம் 172 சென்டிமீட்டர். லின் டான் இடக்கைக்காரர். அவருடைய குறுக்கு ஸ்மேஷ் லீயின் பேக்ஹேண்ட் பக்கம் இறங்கும். அதை எடுக்க லீ ஒவ்வொரு முறையும் உடலைத் திருப்பி ஒரு காலடி கூடுதலாக வைக்க வேண்டியிருந்தது. உயரக் குறைவை லீ ஈடுகட்டியது கால்வேகத்தால். களத்தின் பின்கோட்டிலிருந்து வலைக்கு அவர் பாயும் பாய்ச்சலை நேரில் பார்த்தவர்கள் மறக்க மாட்டார்கள். ஆனால் கால்வேகம் விலையுள்ள சரக்கு. மூன்றாவது செட்டின் பிற்பகுதியில் அதன் விலையைக் கொடுத்தாக வேண்டும். 2013இல் குவாங்சோவில் உலகப் போட்டி இறுதி அப்படித்தான் முடிந்தது. முதல் செட் லீக்கு, இரண்டாவது லின் டானுக்கு, மூன்றாவதில் 17-20. தசைப்பிடிப்பால் நிற்க முடியாமல் விழுந்தவரைத் தூக்குப்படுக்கையில் வைத்துத்தான் வெளியே கொண்டுபோனார்கள். அந்தப் போட்டிக்கு லின் டான் சிறப்பு அனுமதியின் பேரில் வந்தார்; லண்டனுக்குப் பிறகு அதிகம் ஆடாமல் ஓய்வாக இருந்தவர். லீயோ அந்த ஆண்டு முழுவதும் சுற்றுப் போட்டிகளில் ஆடிக் களைத்தவர். நாள்காட்டியில் உள்ள எல்லாப் போட்டியிலும் ஆடாமல், பெரிய போட்டிகளுக்காக உடலைச் சேமித்திருக்க வேண்டும் என்று லீயைக் குறை சொல்லலாம். அது நியாயமான குறை. எனக்கும் அந்த வருத்தம் உண்டு. அதற்கு இரண்டு ஆண்டு முன்பு, வெம்பிளியில் நடந்த உலகப் போட்டி இறுதியில் மேட்ச் பாயிண்டைக் கையில் வைத்துக்கொண்டு 21-23 என்று இழந்ததில் அவருடைய ஷாட் தேர்வையும் குறை சொல்லலாம். கட்டுரையாளர் இப்படிப்பட்ட ஒரு குறையைக்கூடச் சொல்லவில்லை. ஆட்டத்தைப் பற்றி அவர் எழுதியது ஒன்றும் இல்லை. ஒரு மனிதரின் குணத்தைப் பற்றி மட்டும் தீர்ப்புச் சொல்லிவிட்டுப் போயிருக்கிறார்.

வெள்ளியைக் கொண்டாடியதால் நாடு கெட்டது என்ற வாதம் எல்லாவற்றிலும் மோசமானது. ஏனென்றால் அது இனி வரப்போகிறவர்களையும் காயப்படுத்தும்.

லீ ஆடத் தொடங்கிய காலத்தில் மலேசியாவுக்கு ஒலிம்பிக்கில் இருந்தது எல்லாமே சீடேக் குடும்பத்தையும் செயா சூன் கிட், யாப் கிம் ஹோக் இணையையும் சுற்றிய ஒரு கையளவுப் பதக்கம்தான். 1992இல் ராசிப், ஜலானி சகோதரர்களின் வெண்கலம், 1996இல் இரட்டையர் வெள்ளியும் ரஷீட்டின் வெண்கலமும். பேராக்கின் பாகான் செராயில் பிறந்து, பினாங்கின் புக்கிட் மெர்தாஜாமில் வளர்ந்து, மிஸ்பன் சீடேக்கின் கையில் பட்டை தீட்டப்பட்ட ஒரு பையன், அடுத்தடுத்து மூன்று ஒலிம்பிக்கில் இறுதிக்கு வந்தான். அவனுக்குப் பின்னால் நிற்க ஆள் இல்லாமல் போனது யாருடைய குற்றம்? 2014இல் புதுடில்லியில் தோமஸ் கிண்ண இறுதி. ஜப்பானுக்கு எதிராக முதல் ஒற்றையர் ஆட்டத்தை லீ நேர் செட்டில் வென்று கொடுத்தார். மலேசியா 2-3 என்று தோற்றது. ஒருவர் ஓர் ஒற்றையர் புள்ளிதான் வெல்ல முடியும். இரண்டாவது, மூன்றாவது ஒற்றையரை உருவாக்காத நிர்வாகத்தைக் கேட்க வேண்டிய கேள்வியைக் கட்டுரையாளர் லீயிடம் கேட்கிறார்.

கொண்டாட்டம் பசியைக் கொல்லும் என்றால், லீயைத் தொலைக்காட்சியில் பார்த்து வளர்ந்த தலைமுறை என்ன செய்திருக்க வேண்டும்? 2022இல் தோக்கியோவில் ஆரோன் சியா – சோ வூய் யிக் உலக வெற்றியாளர் ஆனார்கள். மலேசியாவின் முதல் உலகத் தங்கம் அது. 2021இல் லீ சீ ஜியா அகில இங்கிலாந்துப் பட்டம் வென்றார், 2024இல் பாரிஸில் வெண்கலம் எடுத்தார். 2025இல் சென் தாங் ஜீ – தோ ஈ வெய் கலப்பு இரட்டையரில் உலகத் தங்கம் வென்றார்கள். பசி செத்துப்போன நாட்டின் அடையாளமா இது?

அதே 2025 உலகப் போட்டியில் மகளிர் இரட்டையர் இறுதிக்கு பெர்லி டானும் எம். தீனாவும் வந்தார்கள். மலேசிய மகளிர் இணை ஒன்று அதுவரை அவ்வளவு தூரம் போனதில்லை. சீன இணையிடம் மூன்று செட் போராடித் தோற்றார்கள். இரண்டாவது செட் 22-20. முந்திய ஆண்டு பாரிஸ் ஒலிம்பிக்கில் நான்காம் இடம். தீனா நம் வீட்டுப் பெண். தோட்டத்திலும் தாமானிலும் மட்டையைத் தூக்கிக்கொண்டு பயிற்சிக்குப் போகும் தமிழ்ப் பிள்ளைகளுக்கு இன்று அண்ணாந்து பார்க்க ஒரு முகம் இருக்கிறது என்றால் அது அவருடையது. கட்டுரையாளரின் அளவுகோலைத் தீனாவுக்கு வைத்துப் பாருங்கள்: வெள்ளி என்றால் தோல்வி, இறுதியில் தோற்றவர் கோழை. இதை அந்தப் பெண்ணின் முகத்தைப் பார்த்துச் சொல்ல இவருக்கு வாய் வருமா? பத்து வயதுப் பிள்ளை ஒன்று இவர் கட்டுரையைப் படித்தால் என்ன நினைக்கும்?

பஞ்ச் குணாளனையும் இங்கே சொல்ல வேண்டும், ஏனென்றால் கட்டுரையாளர் தம் கட்டுரையில் அவரை நம் பெருமை என்று எழுதியிருக்கிறார். மிகச் சரி. 1970 ஆசிய விளையாட்டுப் போட்டியில் ஒற்றையர் தங்கம், 1971இல் எங் பூன் பீயுடன் அகில இங்கிலாந்து இரட்டையர் பட்டம், 1974இல் காமன்வெல்த் ஒற்றையர் தங்கம். அந்த 1974இல்தான் அகில இங்கிலாந்து ஒற்றையர் இறுதியில் இந்தோனேசியாவின் ரூடி ஹர்தோனோவிடம் அவர் தோற்றார். உலகப் போட்டியும் ஒலிம்பிக்கும் இல்லாத அந்தக் காலத்தில் அதைவிடப் பெரிய இறுதி கிடையாது. குணாளன் அந்த இறுதியை இழந்தும் நம் பெருமையாக நிற்கிறார். அப்படித்தான் நிற்க வேண்டும். ஹர்தோனோவிடம் தோற்ற குணாளனுக்கு ஒரு நியாயம், லின் டானிடம் தோற்ற லீக்கு இன்னொரு நியாயம் என்றால், அந்த வேறுபாடு எங்கிருந்து வருகிறது என்று கேட்காமல் இருக்க முடியவில்லை. ஒருவர் தமிழர், மற்றவர் சீனர் என்பதைத் தவிர வேறு காரணம் அந்தக் கட்டுரையில் எனக்குக் கிடைக்கவில்லை. வேறு காரணம் இருந்தால் அவர் எழுதட்டும், படிக்கிறேன்.

கடைசியாக, மோசடிக்காரர் என்ற சொல்.

2014 ஆகஸ்டில் கோப்பன்ஹேகனில் நடந்த உலகப் போட்டியின்போது எடுத்த மாதிரியில் டெக்ஸாமெதாசோன் இருந்தது. அழற்சிக்குக் கொடுக்கும் மருந்து அது. போட்டிக் காலத்தில் தடை செய்யப்பட்டது. விசாரணை 2015 ஏப்ரலில் ஆம்ஸ்டர்டாமில் நடந்தது. அவர் சாப்பிட்டு வந்த கார்டிசெப்ஸ் என்ற சத்துணவு மாத்திரையின் ஜெலட்டின் உறை வழியாக அந்த மருந்து உடலில் சேர்ந்தது என்ற விளக்கத்தைக் குழு ஏற்றுக்கொண்டது. ஏமாற்றும் நோக்கம் இல்லை என்று முடிவு செய்தது. உடலுக்குள் போவது எது என்று கவனிக்க வேண்டிய பொறுப்பில் தவறினார் என்பதற்காக எட்டு மாதத் தடை. அது 2014 ஆகஸ்டு 30 முதல் கணக்கிடப்பட்டு 2015 மே 1ஆம் தேதியோடு முடிந்தது. அந்த உலகப் போட்டியின் வெள்ளி பறிக்கப்பட்டது. தவறு இருந்தது, அதற்குத் தண்டனையும் இருந்தது, அதை அவர் அனுபவித்தார். திரும்பி வந்தபோது தரவரிசையில் வெகுவாகச் சரிந்திருந்தார். நிலை ஒதுக்கப்படாத ஆட்டக்காரராக அதே ஆண்டு ஜகார்த்தாவில் உலகப் போட்டியின் இறுதிவரை போனார். நவம்பரில் சீனப் பொதுப் போட்டி இறுதியில் சென் லோங்கை அவர் மண்ணிலேயே 21-15, 21-11 என்று வென்றார். மறு ஆண்டு ஜூனில் மறுபடியும் உலகத்தின் முதலிடம். 

கட்டுரையாளர் எழுதியது என்ன? ஊக்கமருந்து உண்டு பிடிபட்டார் என்று ஒரு வரி. எந்த மருந்து என்று இல்லை. விசாரணை நடந்தது என்று இல்லை. குழுவின் முடிவு என்ன என்று இல்லை. ஓர் ஆட்டக்காரரின் பெயரின்மீது சுமத்தக்கூடிய மிகக் கொடிய குற்றச்சாட்டைச் சுமத்திவிட்டு, அதை விசாரித்தவர்கள் சொன்ன முடிவை வாசகரிடமிருந்து மறைத்திருக்கிறார். லீ சிறந்தவரா இல்லையா என்பதில் அவர் தம் கருத்தை வைத்துக்கொள்ளட்டும். அதற்குப் பதில் சொல்லியாகிவிட்டது. மோசடிக்காரர் என்ற சொல் கருத்து அன்று. அதை அவர் திரும்பப் பெற வேண்டும், அடுத்த இதழிலேயே, அந்தக் கட்டுரை வெளிவந்த அதே அளவு எழுத்தில்.